பக்கத்தில் நிற்பவர்

கோடம்பாக்கத்திலிருந்து மேற்கே வரும் ஆற்காடு சாலை, தமிழ் சினிமா நடந்து வந்த பாதை. 1940களின் கடைசியில் ஏவி.எம். அங்கே இடம்பிடித்தது. பக்கத்திலேயே வாகினி, விஜயா. கொஞ்சம் உள்ளே தள்ளிச் சாலிகிராமத்தில் பிரசாத். விஜயாவும் வாகினியும் இருந்த மண்ணில் இப்போது வணிக வளாகமும் மருத்துவமனையும் இருக்கின்றன. ஊர் நெருங்க நெருங்க, செட் போடத் தேவையான வெட்டவெளி வளசரவாக்கம், போரூர் என்று நகர்ந்து, பூந்தமல்லியையும் தாண்டிச் செம்பரம்பாக்கத்துக்கு வந்துவிட்டது.

அதனால் எங்கள் ஊரான பூந்தமல்லியில் விடியற்காலையில் கம்பெனி வண்டிகள் போவது பழகிய காட்சி. குமணன்சாவடி டீக்கடையில் ஒருவர் இறங்கி நிற்பார். தெரிந்த முகமாக இருக்கும், பெயர் வராது. “ஹீரோவுக்கு அப்பாவா வருவாரே, அவருதான்” என்று யாராவது மெல்லச் சொல்வார்கள். இன்னொருவருக்கு என்ன உறவு என்பதே அவருக்கு அடையாளம். அப்படிப்பட்டவர்களைப் பற்றி நினைக்கும்போதெல்லாம் எழுதி வைத்தவை இவை. பெரும்பாலும் ஒருவரைப் பற்றியவை.

*

ராமு. ‘பூ’ ராமு என்றால்தான் தெரியும்.

சசி இயக்கிய ‘பூ’ 2008 நவம்பரில் வந்தது. ச. தமிழ்ச்செல்வனின் ‘வெயிலோடு போய்’ என்ற சிறுகதைதான் அதன் வேர். கரிசல் காட்டில் மாரி என்ற பெண் தன் முறைமாமன் தங்கராசுவின் மேல் வைத்த ஆசையைச் சொல்லும் படம். மாரியாக நடித்த பார்வதியைப் பற்றி எல்லோரும் பேசினார்கள். எனக்கோ தங்கராசுவின் தகப்பனாக வந்த வண்டிக்காரரை மறக்க முடியவில்லை. ஊரில் அவரைப் பேனாக்காரர் என்பார்கள். மகன் படித்துப் பெரிய ஆளாக வேண்டும் என்ற ஒரே கனவு அவருக்கு. அந்தக் கனவின் பிடியில்தான் மகனுடைய கல்யாணமும் முடிவாகிறது. கெட்டவர் இல்லை. பிள்ளையின் மேல் வைத்த பாசமே பிள்ளையின் வாழ்க்கையைக் கோணலாக்கிவிடுகிறது. இதைப் புரிந்துகொள்ளும் நேரத்தில் அந்த முகம் இருண்டு போவதைப் பாருங்கள். அழுகைக்கு முந்தைய நிலையிலேயே அதை நிறுத்தி வைத்திருப்பார்.

அதற்குப் பிறகு படத்தின் பெயரே அவர் பெயரோடு ஒட்டிக்கொண்டது.

*

இந்த வழக்கம் நம்மிடம் பழையது. வெண்ணிற ஆடை மூர்த்தி, வெண்ணிற ஆடை நிர்மலா இருவருக்கும் அந்தப் பெயர் 1965இல் வந்தது. 1979இல் பசி சத்யா. 1980இல் நிழல்கள் ரவி. 1984இல் பூவிலங்கு மோகன். 1992இல் தலைவாசல் விஜய். 2011இல் ஆடுகளம் நரேன், ஆடுகளம் முருகதாஸ். அந்தப் படங்களில் சிலவற்றை இன்றைய பிள்ளைகள் பார்த்திருக்க மாட்டார்கள். ஆனாலும் படத்தின் பெயர் நடிகரின் முன்னால் உயிரோடு இருக்கிறது.

நாயகர்களுக்குப் பட்டம் கொடுக்கிறோம். குணச்சித்திர நடிகர்களுக்கு அவர்கள் முதன்முதலில் நம் மனதில் நின்ற இடத்தையே முகவரியாகக் கொடுக்கிறோம். தமிழ் ரசிகனின் நன்றி இதில் இருக்கிறது என்றே நினைக்கிறேன். இவரை எந்தப் படத்தில் கண்டெடுத்தோம் என்பதை நாம் மறக்கவில்லை.

*

‘பூ’வில் அவரைப் பார்த்தவர்கள் பலர் ஒரு கிராமத்து மனிதரையே கூட்டி வந்து நிறுத்திவிட்டார்கள் என்று நினைத்திருக்கலாம். அவ்வளவு இயல்பு. அந்த இயல்புக்குப் பின்னால் நெடுங்காலப் பயிற்சி இருக்கிறது. தமிழ்நாடு முற்போக்கு எழுத்தாளர் கலைஞர்கள் சங்கத்தோடு சேர்ந்து நின்ற வீதி நாடகக் கலைஞர் அவர்.

வீதி நாடகத்துக்குத் திரை இல்லை, விளக்கு இல்லை, ஒப்பனை அறை இல்லை. பேருந்து நிலையத்தின் ஓரத்திலோ தொழிற்சாலை வாசலிலோ பறையடித்துக் கூட்டம் கூட்ட வேண்டும். பார்ப்பவர் டிக்கெட் வாங்கி உட்கார்ந்தவர் இல்லை; பிடிக்காவிட்டால் அடுத்த நொடி நடந்துவிடுவார். லாரி ஹாரனுக்கு மேலே குரல் போக வேண்டும். நாலு பக்கமும் ஆட்கள் நிற்பதால் முதுகும் நடிக்க வேண்டும். 1980இல் வங்க நாடகக் கலைஞர் பாதல் சர்க்கார் சோழமண்டலத்தில் நடத்திய பயிலரங்கு, தமிழில் இப்படிப்பட்ட எளிய அரங்குக்குப் பெரிய உந்துதலைத் தந்தது. 1989 ஜனவரி முதல் நாளில் சாஹிபாபாத்தில் தெருவில் நாடகம் நடத்திக்கொண்டிருந்த சஃப்தர் ஹஷ்மி தாக்கப்பட்டு மறுநாள் இறந்தார். தெருவில் நடிப்பதற்கு உயிரையும் விலையாகக் கொடுக்க நேரும் என்று அந்தத் தலைமுறைக் கலைஞர்களுக்குத் தெரியும்.

இந்தப் பள்ளியில் படித்தவர் கேமராவுக்கு முன்னால் வரும்போது இரண்டில் ஒன்று நடக்கும். தெருவில் பழகிய உரத்த குரலையும் வீசிய கையையும் விட முடியாமல் தடுமாறுவார். அல்லது அத்தனையையும் உள்ளே இழுத்து ஒரு பார்வைக்குள் அடக்கிவிடுவார். ராமு இரண்டாவது வகை. கூத்துப்பட்டறை நாடகக் குழுவில் ந. முத்துசாமியிடம் பயின்ற பசுபதி, கலைராணி, குரு சோமசுந்தரம் ஆகியோரிடமும் இந்த அடக்கத்தின் பலத்தைப் பார்க்கலாம். நாடகம் அவர்களுக்குக் கொடுத்த பெரிய சொத்து, வசனம் இல்லாத நேரத்திலும் காட்சிக்குள்ளேயே இருக்கத் தெரிந்தது.

*

அவர் ஏற்ற தகப்பன்களை வரிசையாக வைத்துப் பார்க்கிறேன்.

‘நீர்ப்பறவை’, 2012. சீனு ராமசாமியின் படம். கடலில் அனாதையாகக் கிடைத்த ஈழத்துக் குழந்தையைத் தன் பிள்ளையாக வளர்த்த மீனவர். வளர்ந்த பிள்ளை குடிக்கு அடிமையாகிறான். பெறாத பிள்ளைக்காகப் பெற்ற வயிறுபோலப் பதறும் சரண்யாவுக்குப் பக்கத்தில், கோபத்தையும் பாசத்தையும் ஒன்றாக அடக்கிக்கொண்டு இவர்.

‘தங்க மீன்கள்’, 2013. ராமின் படம். சம்பாதிக்கத் தெரியாத மகன், அவன் மகளின் மேல் வைத்திருக்கும் அளவில்லாத பாசம். அந்த மகனுக்குத் தகப்பன், ஓய்வுபெற்ற ஆசிரியர். வீடு அவருடைய வருமானத்தில் நிற்கிறது. மகனை அவர் கடிந்துகொள்ளும்போது நமக்கு அவர்மேல் கோபம் வர வேண்டும். வரவில்லை. அவர் பக்கமும் ஒரு நியாயம் இருப்பதை அவருடைய உடம்பே சொல்கிறது.

‘பரியேறும் பெருமாள்’, 2018. மாரி செல்வராஜின் முதல் படம். இங்கே அவர் தகப்பன் இல்லை, சட்டக் கல்லூரி முதல்வர். பட்ட அவமானங்களைப் படிப்பால் தாண்டி வந்தவர். அடிபட்டு வந்து நிற்கும் மாணவனுக்கு அவர் சொல்லும் சில வார்த்தைகள்தான் அந்தப் படத்தின் முதுகெலும்பு. திரையில் அவர் இருக்கும் நேரம் குறைவு. படம் முடிந்து வெளியே வந்தவர்கள் அந்த அறையைப் பற்றிப் பேசினார்கள்.

‘நெடுநல்வாடை’, 2019. செல்வகண்ணன் இயக்கியது. இயக்குநரோடு கல்லூரியில் படித்த நண்பர்கள் சேர்ந்து பணம் போட்டு எடுத்த படம். ராமுவுக்கு முழுப் படத்தையும் தோளில் சுமக்கும் வேலை இதில்தான் கிடைத்தது. ஓடிப்போன மகள் பிள்ளைகளோடு திரும்பி வரும்போது அவர்களை ஏற்று, பேரனை வளர்க்கும் கிழவர்.

‘சூரரைப் போற்று’, 2020. சுதா கொங்கராவின் படம். மனு எழுதியே ஊருக்கு வசதி கொண்டுவர முடியும் என்று நம்பும் வாத்தியார். மகனுக்கு அந்தப் பொறுமை பிடிக்காது. சாகக் கிடக்கும் தகப்பனைப் பார்க்க வர விமான டிக்கெட்டுக்குப் பணம் போதாமல், விமான நிலையத்தில் முகம் தெரியாதவர்களிடம் கையேந்துகிறான் மகன். ஊருக்கு வந்து சேரும்போது தகப்பன் இல்லை. எளியவர்களும் ஏறக்கூடிய விமானம் என்ற அந்தப் படத்தின் கனவுக்கு உயிர் கொடுப்பது அந்த இழப்பு. படத்தின் பெரும்பகுதியில் ராமு கண்ணுக்குத் தெரிவதில்லை. ஆனால் அவர் இல்லாமையால்தான் படம் நகர்கிறது.

இந்தத் தகப்பன்களுக்குப் பொதுவாக ஒன்று இருக்கிறது. எல்லோரும் பிள்ளைகளுக்கு எதையோ கொடுக்க நினைக்கிறார்கள்: படிப்பு, மானம், கடல், நிலம். கொடுக்க வேண்டிய நேரத்தில் கை வெறுமையாக இருக்கிறது, அல்லது கொடுத்தது தவறாகிவிடுகிறது. இயலாமையில் நிற்கும் தகப்பனுடைய கௌரவத்தைத் தமிழ்த் திரையில் இவ்வளவு பொறுமையாக எழுதியவர் குறைவு. எழுதியது என்றுதான் சொல்ல வேண்டும். வெவ்வேறு இயக்குநர்களின் படங்களுக்குள் தன் உடம்பால் ஒரே மனிதனின் வரலாற்றைத் தொடர்ந்து எழுதிக்கொண்டே போனவர் அவர்.

*

படப்பிடிப்பில் ‘சஜஷன்’ என்று ஒரு ஷாட் உண்டு. நாயகனின் முகத்தை எடுப்பார்கள். எதிரே நிற்பவருடைய தோளும் பின்னந்தலையும் மட்டும் ஓரத்தில் மங்கலாகத் தெரியும். குணச்சித்திர நடிகரின் வேலைநேரத்தில் பெரும்பங்கு இப்படித் தோளாக நிற்பதில் போகும். நாயகனுக்கு க்ளோசப் வைக்கும்போது அந்தத் தோளும் வேண்டாம். கேமராவுக்குப் பக்கத்தில் நின்று, படத்தில் வராத தன் வசனத்தைச் சொல்லிக் கொடுத்தால் போதும். உதவி இயக்குநரே படித்துவிடுவதும் உண்டு.

நல்ல நடிகர்கள் அங்கேயும் முழுதாக நிற்பார்கள். தன் முகம் பதிவாகாது என்று தெரிந்தும் கண்ணில் நீர் வரவழைத்துத்தான் வசனம் சொல்வார்கள். எதிரே நிற்பவருக்கு அது வேண்டும். அந்தக் கண்ணீரைப் பார்வையாளர் ஒருநாளும் பார்க்கப் போவதில்லை. ஆனால் அது நாயகனின் முகத்தில் வேறொன்றாகி நம்மிடம் வந்து சேர்கிறது. நடிப்பில் நான் மிகவும் மதிப்பது இந்த இடத்தைத்தான்.

*

பக்கத்தில் நிற்பது என்றதும் எனக்கு நினைவுக்கு வரும் இன்னொருவர், பூந்தமல்லியில் பிறந்த வைணவ அடியார் திருக்கச்சி நம்பி. இங்குள்ள வரதராஜப் பெருமாள் கோயிலில் அவருக்குச் சன்னிதி இருக்கிறது. நந்தவனம் வைத்து, பூப்பறித்து, காஞ்சிக்குக் கொண்டுபோய்ப் பேரருளாளப் பெருமாளுக்குச் சாத்தியவர். அங்கே அவருடைய கைங்கரியம் ஆலவட்டம் வீசுவது. விசிறிக்கொண்டே நிற்கும்போது பெருமாள் அவரோடு பேசுவார் என்பது குருபரம்பரைக் கதை. ராமானுஜருக்கு மனதில் ஐயங்கள் எழுந்தபோது நம்பியிடம்தான் போனார். கேட்டு வந்து நம்பி சொன்ன ஆறு வார்த்தைகள் வைணவத்தில் புகழ்பெற்றவை.

அந்தச் சன்னிதியின் முன் நிற்கும்போதெல்லாம் எனக்குத் தோன்றும்: கேள்வி ராமானுஜருடையது, பதில் பெருமாளுடையது. இடையில் நின்ற நம்பி எதையும் தன்னுடையதாக்கிக்கொள்ளவில்லை. அவர் இல்லாவிட்டால் கேள்வி போயிருக்காது, பதில் வந்திருக்காது.

இடதுசாரி மேடையில் வளர்ந்த ஒரு கலைஞரை ஆழ்வார் மரபின் அடியவரோடு சேர்த்து நினைப்பது அவருக்கு உவப்பாக இருந்திருக்குமா என்று யோசித்திருக்கிறேன். நம்பி வைசிய குலத்தவர்; அவர் உண்ட மிச்சத்தை உண்ண ராமானுஜர் விரும்பினார் என்று மரபு சொல்கிறது. பிறப்பைவிட நெருக்கத்தைப் பெரிதாக வைத்த அந்தக் கதையை, சமத்துவத்துக்காகத் தெருவில் நடித்தவர் தள்ளிவிட மாட்டார் என்று நம்புகிறேன். இருவரையும் எனக்குள் சேர்ப்பது அந்த இடை நிலைதான். ஒருவருடைய கேள்வியை இன்னொருவரிடம் கொண்டுபோய்ச் சேர்ப்பது. நாயகனின் கதையை நம்மிடம் கொண்டுவந்து சேர்ப்பவன் அவனுக்குப் பக்கத்தில் நிற்கும் தகப்பன்.

*

சின்னத்திரையையும் இதில் சேர்த்தே நினைக்க வேண்டும். 2002இல் திருமுருகனின் ‘மெட்டி ஒலி’ தொடங்கியது. ஐந்து பெண்களைப் பெற்ற சிதம்பரமாக டெல்லி குமார். வருடக்கணக்கில் ஒவ்வொரு நாளும் அந்த மனிதர் நம் வீட்டுக்குள் வந்து கவலைப்பட்டார். சினிமா இரண்டரை மணிநேரத்தில் ஒரு தகப்பனைக் காட்டிவிடும். தொடரில் தகப்பன் நம்மோடு சேர்ந்து வயதாகிறார்.

மாரிமுத்துவின் கதை வேறு மாதிரி. தேனி மாவட்டத்திலிருந்து சினிமாவுக்கென்று வந்து, பல இயக்குநர்களிடம் உதவி இயக்குநராக உழைத்து, ‘கண்ணும் கண்ணும்’, ‘புலிவால்’ என்று இரண்டு படங்களை இயக்கி, நடிகராகவும் பல படங்களில் வந்தவர். ஆனால் 2022இல் தொடங்கிய ‘எதிர்நீச்சல்’ தொடரின் ஆதி குணசேகரன்தான் அவரை வீடு வீடாகக் கொண்டுபோனது. வீட்டுப் பெண்களை அடக்கி வைக்கும் மனிதரின் பாத்திரம். நம் குடும்பங்களில் பார்த்த அதிகாரத்தை அப்படியே நம் எதிரில் நிறுத்தினார். பார்த்தவர்கள் தங்கள் வீட்டு ஆண்களை அதில் அடையாளம் கண்டார்கள். 2023 செப்டம்பர் 8 அன்று அந்தத் தொடருக்கு டப்பிங் பேசிக்கொண்டிருந்தபோது உடல்நலம் குன்றி இறந்தார். இத்தனை வருட உழைப்புக்குப் பிறகு வந்த பெரிய அங்கீகாரத்தை ஒன்றரை வருடம்தான் அனுபவிக்க முடிந்தது.

இந்தத் தொழிலில் காலம் நேராகப் போவதில்லை. நாயகனுக்கு இருபத்தைந்தில் வருவது, இவர்களுக்கு ஐம்பதில் வருகிறது. வரும்போது உடம்பு ஏற்கெனவே பாதி உழைத்து முடித்திருக்கும்.

*

பக்கத்தில் நிற்பவர்கள் என்று நடிகர்களை மட்டும் சொல்லி நிறுத்த மனம் வரவில்லை. 2020 பிப்ரவரி 19 இரவு, செம்பரம்பாக்கம் தளத்தில் ‘இந்தியன் 2’ படப்பிடிப்பில் கிரேன் சாய்ந்து மூன்று பேர் இறந்தார்கள். மூவரும் படத்தின் பின்னணியில் உழைத்தவர்கள். பூந்தமல்லிச் சாலையில் விளக்குகளை ஏற்றிக்கொண்டு போகும் யூனிட் வண்டியைப் பார்க்கும்போது அந்த நினைவு வரும். வெளிச்சம் யார் முகத்தில் விழுகிறதோ அவர் பெயர் நமக்குத் தெரியும். அதைத் தூக்கிப் பிடித்தவர் பெயரும் தெரிய வேண்டும் என்ற எண்ணம் நம்மிடம் வளர வேண்டும்.

*

2022 ஜூன் 27 அன்று ராமு சென்னையில் இறந்தார். ‘பூ’ வந்து பதினான்கு வருடம்கூட முடியவில்லை.

அடுத்த மாதம் 22ஆம் தேதி 68ஆவது தேசிய விருதுகள் அறிவிக்கப்பட்டன. சிறந்த படம் ‘சூரரைப் போற்று’. சூர்யாவுக்கும் அபர்ணா பாலமுரளிக்கும் நடிப்புக்கான விருதுகள். படத்தில் மகனின் வெற்றியைப் பார்க்காமல் போன தகப்பன், வெளியிலும் அந்த நாளுக்கு முன்பே போய்விட்டார்.

அதன்பிறகும் படங்கள் வந்தன. லிஜோ ஜோஸ் பெல்லிசேரியின் ‘நண்பகல் நேரத்து மயக்கம்’ 2023 ஜனவரியில் திரைக்கு வந்தது. வேளாங்கண்ணியிலிருந்து திரும்பும் ஒரு மலையாளி, வழியில் வண்டியை நிறுத்தி இறங்கி, ஒரு தமிழ்க் கிராமத்துக்குள் நடந்து, காணாமல் போன சுந்தரமாகவே பேசத் தொடங்குகிறார். மம்மூட்டியின் அந்த மயக்கத்துக்கு எதிரே சுந்தரத்தின் தகப்பனாக ராமு. மகன் போல ஒருவன் திரும்பி வந்தால் தகப்பன் என்ன செய்வான் என்ற கேள்வியை அவர் சுமக்கிறார்.

பிறகு ‘கிடா’. ரா. வெங்கட் இயக்கியது. 2022 நவம்பரில் கோவா திரைப்பட விழாவில் இந்தியன் பனோரமா பிரிவில் இடம்பெற்று, 2023 தீபாவளியை ஒட்டி வெளியானது. பேரனுக்குத் தீபாவளித் துணி எடுத்துக் கொடுக்கக் காசில்லை. சாமிக்கு நேர்ந்துவிட்ட ஆட்டை விற்கப் பார்க்கிறார் தாத்தா. நேர்ந்த ஆடு என்பதால் வாங்க ஆள் வரவில்லை. காளி வெங்கட்டோடு சேர்ந்து அவர் நடித்த இந்தப் படத்தில், வெறுங்கையோடு நிற்கும் அந்தப் பெரியவர் கடைசியில் படத்தின் நடுவிலேயே நிற்கிறார்.

*

துணை நடிப்புக்குத் தேசிய விருது 1984இல்தான் தனியாக வந்தது. ‘நம்மவர்’ படத்துக்காக நாகேஷ், ‘மைனா’வுக்காகத் தம்பி ராமையா, ‘அழகர்சாமியின் குதிரை’க்காக அப்புக்குட்டி, ‘விசாரணை’க்காகச் சமுத்திரக்கனி, ‘பார்க்கிங்’ படத்துக்காக எம்.எஸ். பாஸ்கர் என்று தமிழுக்கும் வந்திருக்கின்றன. நல்லது. ஆனால் விருது ஒரு படத்தைத்தான் பார்க்கும். இவர்கள் செய்த வேலையோ முப்பது படங்களில் முப்பது துண்டாகக் கிடக்கிறது. சேர்த்துப் பார்த்தால்தான் ஒரு கலைஞனின் முழு உருவம் தெரியும்.

அப்படிச் சேர்த்துப் பார்க்கும் வேலையை நாமே தொடங்கலாம். ராமுவை அறிய விரும்புகிறவர் ‘நெடுநல்வாடை’யையும் ‘கிடா’வையும் முதலில் பாருங்கள், அவர் நடுவில் நிற்கும் படங்கள் அவை. பிறகு ‘பூ’வுக்குப் போங்கள். அடுத்து ‘நீர்ப்பறவை’யும் ‘தங்க மீன்க’ளும். நாயகன் பேசும்போது கண்ணை அவரிடமே வைத்திருங்கள். அவர் எப்படிக் கேட்கிறார் என்று பாருங்கள்.

இன்னொரு வேலையும் இருக்கிறது, அதற்கு அவகாசம் குறைவு. நாடகத்திலும் சினிமாவிலும் தொடரிலும் நாற்பது வருடம் உழைத்தவர்கள் சாலிகிராமத்திலும் வளசரவாக்கத்திலும் போரூரிலும் இங்கே பூந்தமல்லியிலும் இன்றும் வாழ்கிறார்கள். அவர்கள் குரலைப் பதிவுசெய்து வைக்க ஒரு கைபேசி போதும். கல்லூரி மாணவர்கள், நூலக வாசகர் வட்டங்கள், திரைப்படச் சங்கங்கள் யார் வேண்டுமானாலும் செய்யலாம். முதல் நாள் பேட்டா எவ்வளவு, யார் வாங்கிக் கொடுத்தார்? ஊர்ப் பேச்சை மாற்றச் சொன்னபோது என்ன செய்தீர்கள்? வெட்டப்பட்ட காட்சியில் என்ன நடித்திருந்தீர்கள்? உங்கள் சொந்தத் தகப்பனை எந்தப் பாத்திரத்துக்குள் வைத்தீர்கள்?

ராமுவிடம் கேட்டிருக்க வேண்டிய கேள்விகள் இவை. இன்னும் கேட்கக்கூடியவர்கள் இருக்கும்போதே கேட்க வேண்டும்.